டவாலி பீவி நடித்த ஒரே படம்

ஜாக்சன்வில் நகரத்தில் ஆம்ப்ரோஸ் பீவியின் முகம் தெரியாதவர்களுக்குக்கூட அவருடைய குரல் தெரியும். நீதிமன்றம் கூடும் நாட்களில் காலை பத்து மணிக்கு அவர் "எல்லாரும் எழுந்திருங்க!" என்று முழங்கினால், எதிர்த்த தெரு சவரக்கடையில் சாய்ந்து படுத்திருப்பவர் பாதிச் சவரத்தோடு எழுந்து நின்றுவிடுவார் என்று சொல்வார்கள். அது கொஞ்சம் மிகைதான். ஆனால் ஆற்றங்கரை மீன்துறையில் மூட்டை இறக்குகிறவர்கள் அந்தக் குரலைக் கேட்டுத்தான் மணி பத்து என்று தெரிந்துகொண்டார்கள் என்பது சத்தியமான பேச்சு.

பீவி அங்கே டவாலி. கோர்ட் கூடியதை அறிவிப்பது, குற்றவாளியின் பெயரை மூன்று தரம் கூப்பிடுவது, கூட்டம் சலசலத்தால் "அமைதி!" என்று அதட்டுவது, இவ்வளவுதான் வேலை. பத்தொன்பது வருடமாக இதையே செய்துவந்தார். வயது ஐம்பத்தொன்று, ஒட்டடைக் கம்பு போல உயரம், அதற்குச் சம்பந்தமில்லாமல் தடித்த மீசை. சொந்தமாக ஒரு வாக்கியம் அவர் அந்த அறைக்குள் பேசியதே கிடையாது. பேச வேண்டிய அவசியமும் இருந்ததில்லை. நீதிபதி ஹாஸ்கெலின் தீர்ப்பு பாதி, தன் குரல் பாதி, இரண்டும் சேர்ந்தால்தான் கோர்ட் என்பது அவருடைய எண்ணம். இதை அவர் யாரிடமும் சொன்னதில்லை. அவர் மனைவி லவீனியாவுக்கு மட்டும் எப்படியோ தெரிந்திருந்தது.

அந்தக் காலத்தில் குளிர்காலம் வந்தால் படக் கம்பெனிகள் வடக்கிலிருந்து வண்டி வண்டியாக ஜாக்சன்வில்லுக்கு வந்து இறங்கும். நியூயார்க்கில் பனி கொட்டும்போது இங்கே ஆரஞ்சு மரத்தடியில் வெயில் காயலாம், அதுதான் காரணம். தெருவில் நடந்து போனால் ஒரு மூலையில் கல்யாணம் எடுத்துக்கொண்டிருப்பார்கள், அடுத்த மூலையில் கொலை. பேசாத படங்கள் என்பதால் எடுக்கும் இடத்தில்தான் எல்லாச் சத்தமும் இருக்கும். முதல் இரண்டு மூன்று வருடம் ஊர் இதை ரசித்தது. பிறகு சலித்துக்கொள்ள ஆரம்பித்தது. ஞாயிற்றுக்கிழமை பிரசங்கம் நடக்கும் நேரத்தில் தேவாலய வாசலில் பொய்யாகத் துப்பாக்கிச் சண்டை போட்டால் யாருக்குத்தான் கோபம் வராது?

1916 பிப்ரவரியில், எல்லாரும் டெடி என்று கூப்பிடும் தியோடர் கிரான்ட்ஸ் என்ற நியூயார்க் டைரக்டர் கோர்ட்டுக்கு வந்ததும் இப்படி ஒரு வழக்கில்தான். குட்டையான, எப்போதும் சட்டைக் கையை மடித்துவிட்ட மனிதர். தீயே இல்லாத இடத்தில் தீயணைப்பு மணியை அடித்து, வண்டிகள் பாய்ந்து வந்ததைப் படம் பிடித்துவிட்டார்.

"தியோடர் கிரான்ட்ஸ்! தியோடர் கிரான்ட்ஸ்! தியோடர் கிரான்ட்ஸ் ஆஜர்!"

கிரான்ட்ஸ் கூண்டில் ஏறி நின்றார். நீதிபதி ஹாஸ்கெல் வெள்ளைக் கிருதாவைத் தடவிக்கொண்டே கேட்டார்.

"தீயே இல்லாம எதுக்கு மணி அடிச்சீங்க?"

"வண்டியை ஒரு மணி நேரத்துக்கு வாடகைக்குக் கேட்டேன், கோர்ட்டாரே. தரமாட்டேன்னுட்டாங்க."

கூட்டம் சிரித்தது. பீவி "அமைதி!" என்றார். கிரான்ட்ஸ் திரும்பிப் பார்த்தவர் திரும்பிப் பார்த்தபடியே நின்றுவிட்டார். அபராதம் எவ்வளவு என்று நீதிபதி சொன்னது அவர் காதில் விழவே இல்லை. பக்கத்தில் நின்ற வக்கீல் சட்டையைப் பிடித்து இழுக்க வேண்டியிருந்தது.

கோர்ட் கலைந்ததும் படிக்கட்டில் காத்திருந்து பீவியை மடக்கினார்.

"பெரியவரே, எங்க படத்துல ஒரு கோர்ட் டவாலி வர்றான். நீங்கதான் அவன்."

பீவிக்குக் காது சிவந்தது. "என் குரலை நிறையப் பேர் சொல்லியிருக்காங்க..."

"குரலா? படத்துல குரல் எங்கய்யா கேக்கப் போகுது? எனக்கு வேண்டியது உங்களோட..." கிரான்ட்ஸ் ஒரு கணம் தயங்கினார். "உங்களோட கம்பீரம்."

அன்று சாயங்காலம் சோள ரொட்டியும் பட்டாணியும் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது பீவி மனைவியிடம் விஷயத்தைச் சொன்னார். அவள் தடுப்பாள், அதையே சாக்காகச் சொல்லி மறுத்துவிடலாம் என்பது அவர் கணக்கு. அமெரிக்கத் தென்மாநிலங்களின் பழைய வழக்கப்படி புருஷனை 'மிஸ்டர் பீவி' என்றே அழைக்கிறவள் லவீனியா. அந்த மரியாதைக்குள் எத்தனை கிண்டல் அடங்கும் என்பது இருபத்தாறு வருடம் குடித்தனம் செய்தவருக்குத்தான் தெரியும்.

"போங்க மிஸ்டர் பீவி. அடுத்த வாரம் நீதிபதி ஊர்ல இல்ல, கோர்ட்டும் இல்ல. வீட்ல இருந்தா எனக்குத்தான் 'அமைதி அமைதி'ன்னு சொல்லிட்டிருப்பீங்க."

"படம்னா பாவம்னு நம்ம பாதிரியார்..."

"செவ்வாய்க்கிழமை மத்தியானக் காட்சியில அவருக்கு ரெண்டு வரிசை பின்னாலதான் நான் உக்காருவேன்" என்றாள் லவீனியா.

பீவி வாய்க்குக் கொண்டுபோன கரண்டியைத் தட்டிலேயே வைத்துவிட்டார். தன் மனைவி செவ்வாய்க்கிழமைகளில் எங்கே போகிறாள் என்பது அவருக்கு அன்றுதான் தெரிந்தது.

படமெடுக்கும் இடம் ஆற்றுக்கு அக்கரையில் இருந்தது. படகேறிப் போக வேண்டும். திறந்தவெளியில் பெரிய மரமேடை, மேலே வெயிலை வடிகட்ட வெள்ளை மஸ்லின் துணி. மேடைக்கு நடுவே ஒரே ஒரு மரச்சுவர். அதன் இந்தப் பக்கம் கோர்ட், அந்தப் பக்கம் நடன விடுதி. காலையில் இந்தப் பக்கம் வழக்கு நடக்கும், சாப்பாட்டுக்குப் பிறகு அந்தப் பக்கம் கேபரே. உச்சி வெயிலில் நட்சத்திரம் வரைந்த திரையைத் தொங்கவிட்டு, அதை நடுநிசி என்றார்கள். ஆட்டக்காரிகள் வியர்வையை ஒற்றிக்கொண்டே குளிரில் நடுங்குவதுபோல ரோமச் சால்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டார்கள்.

படத்தின் பெயர் 'பகலில் கோர்ட்டு, இரவில் கூத்து'. கதை சின்னது. பகலெல்லாம் ஆட்டக்காரிகளைக் கண்டித்துத் தண்டிக்கும் நீதிபதி, இருட்டியதும் ஒட்டுத்தாடி வைத்துக்கொண்டு அவர்கள் ஆடும் விடுதிக்கே போய் முதல் வரிசையில் உட்கார்ந்துகொள்கிறார். அவசரக் கையெழுத்து ஒன்றுக்காக அவரைத் தேடி டவாலி அங்கே வருகிறான். வந்தவன் பழக்கதோஷத்தில் "எல்லாரும் எழுந்திருங்க!" என்று கத்துகிறான். குடித்துக் கிடப்பவர்கள், ஆடுகிறவர்கள், வாத்தியக்காரர்கள், ஒரே ஒரு ஆட்டக்காரியைத் தவிர எல்லாரும் எழுந்து நிற்கிறார்கள். எழுந்த வேகத்தில் நீதிபதியின் தாடி கழன்று சூப்பில் விழுகிறது.

முதல் நாள் ஒன்றும் சரிவரவில்லை. காமிராக்காரர் கைப்பிடியைச் சுற்ற, கிரான்ட்ஸ் "இப்ப கத்துங்க!" என்றார். பேசாத படத்தில் எதற்குக் கத்துவது என்று பீவி மரியாதையாக வாயை மட்டும் திறந்து மூடினார்.

"என்ன இது, வேகாத ரொட்டி மாவு மாதிரி முகம்?" கிரான்ட்ஸ் தொப்பியைத் தரையில் அடித்தார். "கோர்ட்டுல இருந்த அந்த ஆள் எங்க போயிட்டான்?"

ஆறேழு தரம் எடுத்தும் ரொட்டி மாவுதான். பீவிக்கு அவமானமாகிவிட்டது. ஒரு மேஜையருகே போய் உட்கார்ந்தார். ஆட்டக்காரியாக நடிக்கும் டாட் மலோய் கிளாஸில் பழுப்பு நிறத்தில் எதையோ ஊற்றி நீட்டினாள். அவர் கையைப் பின்னால் கட்டிக்கொண்டார்.

"டீ பெரியவரே, வெறும் ஆறிப்போன டீ. சந்தேகமா இருந்தா உங்க பாதிரியாரைக் கூட்டிட்டு வந்து மோந்து பாக்கச் சொல்லுங்க."

"நான் கம்பீரமா இருக்கேன்னு சொல்லிக் கூட்டிட்டு வந்தாரும்மா. இப்ப மாவுங்கறாரு."

டாட் கிளாஸை மேஜையில் வைத்தாள். ஐரிஷ்காரி, இருபத்துநாலு வயது, படத்துக்கு வருவதற்கு முன்பு கூடாரம் கூடாரமாக ஆடிப் பிழைத்தவள். மனிதர்களைக் காயப்படுத்தாமல் வேலை வாங்கத் தெரிந்தவள். எழுந்து போய் டைரக்டரிடம் சொன்னாள்.

"டெடி, அவரை நெஜமாவே கத்த விடு. கத்தினாத்தான் அந்த முகம் கண்ணு முழிக்கும்."

அப்படியே செய்தார்கள். பீவி நெஞ்சு நிறைய மூச்சிழுத்து, பத்தொன்பது வருடப் பழக்கத்தில், "எல்லாரும் எழுந்திருங்க!" என்றார். மேலே மஸ்லின் துணி படபடத்தது. ஆற்றோரத்துக் கொக்குகள் கூட்டமாகப் பறந்தன. பக்கத்து மேடையிலிருந்து வேறொரு கம்பெனி டைரக்டர் ஓடிவந்தார்.

"கதாநாயகி படுக்கையில உயிரை விட்டுட்டு இருக்கா! உங்க ஆளு கத்தினதுல எழுந்து உக்காந்துட்டாய்யா!"

கிரான்ட்ஸுக்கு அது காதில் விழவில்லை. "கிடைச்சுடுச்சு, கிடைச்சுடுச்சு" என்று சொல்லிக்கொண்டே காமிராக்காரரைக் கட்டிப்பிடித்தார்.

ஆறு நாள் எடுத்தார்கள். பீவி நாள் முழுக்கக் கத்தினார். எழுந்து நிற்காத ஆட்டக்காரியை விறகுக்கட்டு போலக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு "அமைதி! அமைதி!" என்று விடுதியைச் சுற்றி நடந்தார். டாட் கக்கத்தில் இருந்தபடியே மெதுவாகச் சொல்வாள்: "பெரியவரே, தூண் வருது, என் தலை." சாப்பாட்டு நேரத்தில் மஸ்லின் வழியாகப் பால் போல இறங்கும் வெளிச்சத்தில் எல்லாரும் ஒன்றாக உட்கார்ந்து பொரித்த மீன் சாப்பிட்டார்கள். வாத்தியக்காரர்கள் சும்மா இருக்கப் பிடிக்காமல் வாசித்துக்கொண்டிருப்பார்கள். ஒருநாள் டாட் அவரை எழுப்பி இரண்டடி ஆடக் கற்றுக்கொடுத்தாள். ஆட்டம் பாவம் என்று சொல்லும் மெதடிஸ்டு சபைக்காரர் ஆடினார். யாரும் படம் பிடிக்கவில்லை. சனிக்கிழமை கடைசிப் படகில் திரும்பும்போது ஏனோ அவருக்கு வீட்டுக்குப் போக மனமே வரவில்லை.

ஏப்ரலில் ஊர்த் தியேட்டருக்குப் படம் வந்தது. லவீனியா புதுத் தொப்பி வைத்துக்கொண்டாள். பீவி கோர்ட் உடையிலேயே போனார். தன் கம்பீரத்தை ஊர் பார்க்கப்போகிறது என்ற நினைப்பு அவருக்கு.

திரையில் அவர் தோன்றினார். வாயைத் திறந்தார். புருவம் இரண்டும் நெற்றி உச்சிக்கு ஓடின. காது முன்னும் பின்னும் ஆடியது. மீசை பறக்கப் பார்க்கும் கோழி மாதிரி சிறகடித்தது. குரல்வளை சட்டைக் காலருக்குள் இறங்கி ஏறி வந்தது. சத்தமே இல்லை. பியானோக்காரர் மட்டும் டொங்கென்று ஒரு கட்டையைத் தட்டினார்.

முதலில் சிரித்தது மேல்மாடம். கறுப்பர்களுக்கு உட்கார இடம் அங்கேதான். அந்தக் கோர்ட்டில் அதிகமாக நின்று அந்தக் குரலை அதிகமாகக் கேட்டவர்களும் அவர்கள்தான். மேலிருந்து கிளம்பிய சிரிப்பு அலை மாதிரி கீழே இறங்கியது. கீழ்வரிசைக் கனவான்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டார்கள். ஒரு பெண்மணி விக்கல் எடுத்து வெளியே போக வேண்டியதாயிற்று.

பீவி உறைந்துபோய் உட்கார்ந்திருந்தார். தன் முகம் இப்படி இருக்கும் என்று அவருக்குத் தெரியாது. கண்ணாடி முன்னால் நின்று யார் கத்திப் பார்க்கிறார்கள்? பத்தொன்பது வருடம் இந்த முகத்தோடுதான் நின்றேனா என்று நினைத்துக்கொண்டார். உதவிக்கு மனைவியைத் திரும்பிப் பார்த்தார். அவள் கைக்குட்டையை வாய்க்குள் திணித்துக்கொண்டு குலுங்கிக்கொண்டிருந்தாள்.

இருவரும் வீட்டுக்கு நடந்தார்கள். வாசல் விளக்கடியில் நின்று கேட்டார்.

"உனக்குத் தெரியுமா, நான் கத்தும்போது இப்படி இருப்பேன்னு?"

"தெரியும் மிஸ்டர் பீவி."

"ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே."

"சொன்னா நிறுத்திடுவீங்களே." அவள் அவர் கோட்டின் மேல்பட்டனைச் சரிசெய்தாள். "இருபத்தாறு வருஷமா இந்த வீட்ல நான் ஒருத்தியே தனியா சிரிச்சுட்டிருந்தேன். இன்னிக்கித்தான் துணைக்கு ஊரே கிடைச்சது."

அவருக்குக் கோபப்படத்தான் ஆசை. ஆனால் அவள் கண்ணில் சிரிப்பைத் தாண்டி வேறென்னவோ நின்றது. அதைப் பார்த்துக்கொண்டே எப்படிக் கோபப்படுவது?

திங்கட்கிழமை கோர்ட் கூடியது. "எல்லாரும் எழுந்திருங்க!" என்றதும் பின்வரிசையில் யாரோ இருமினார்கள். அது இருமல் இல்லை என்று பீவிக்குத் தெரிந்தது. முதல் வழக்கு ரூஃபஸ் டில்மன் என்ற துறைமுகக் கூலி. குடித்துவிட்டு மீன்துறையில் படுத்துக் கிடந்தான் என்று குற்றச்சாட்டு. பீவி அவன் பெயரைக் கூப்பிட்டார். முதல் தரம் அவன் உதட்டைக் கடித்துக்கொண்டான். இரண்டாவது தரம் தோள் குலுங்கியது. மூன்றாவது தரம், பாவம், தாங்க முடியாமல் வெடித்துச் சிரித்துவிட்டான்.

அறை முழுக்கச் சட்டென்று அடங்கியது. கறுப்பன் ஒருவன் கூண்டில் நின்று கோர்ட்டைப் பார்த்துச் சிரிப்பது அந்த ஊரில் சின்ன விஷயமில்லை. ஹாஸ்கெல் கண்ணாடியைக் கழற்றினார்.

"இங்க என்ன வேடிக்கை?"

ரூஃபஸின் முகத்திலிருந்து சிரிப்பு துடைத்தாற்போல மறைந்தது. "மன்னிச்சுக்குங்க ஐயா. ஒண்ணுமில்லங்க ஐயா."

"ஒண்ணுமில்லாததுக்குச் சிரிக்கிறவனுக்குப் புத்தி சரியில்லன்னு அர்த்தம். இல்லன்னா கோர்ட்டை அவமதிக்கிறான்னு அர்த்தம். குடிச்சதுக்கு ஒரு நாள். சிரிச்சதுக்கு முப்பது நாள்."

எழுத்தர் பேனாவை மையில் தோய்த்தார். பீவி ரூஃபஸைப் பார்த்தார். அந்தப் பெயரைப் பத்தொன்பது வருடத்தில் ஆறேழு தரமாவது கூப்பிட்டிருப்பார். அந்த மனிதனை அன்றுதான் முதன்முதலாகப் பார்ப்பது போலிருந்தது. முப்பது நாள் போனால் துறைமுகத்தில் அவன் இடத்தை வேறொருவன் பிடித்துக்கொள்வான். அதுவும் எதற்கு? தன் மீசைக்கு.

"கனம் கோர்ட்டாரே" என்றார் பீவி.

ஹாஸ்கெல் யார் பேசியது என்று சுற்றிப் பார்த்தார். அந்தக் குரல் சாதாரணமாகப் பேசி அவர் கேட்டதில்லை.

"அவன் கோர்ட்டைப் பார்த்துச் சிரிக்கலங்க. என்னைப் பார்த்துத்தான் சிரிச்சான். நான் ஒரு படத்துல நடிச்சேங்க. டவாலியா. கத்தும்போது என் முகம் ரொம்ப... அது வேடிக்கையா இருக்குங்க. நானே பார்த்தேன். கோர்ட்டை யாராவது அவமதிச்சிருந்தா அது நான்தான். அந்த முப்பது நாளை எனக்குக் குடுங்க."

ஹாஸ்கெல் கண்ணாடியைத் துடைத்தார், மாட்டினார், மறுபடி கழற்றினார்.

"அந்தப் படம் எங்க ஓடுது?"

"ஃபோர்சைத் தெருவுலங்க. மத்தியானம் ஒரு காட்சி இருக்குங்க."

"சாட்சியத்தைப் பார்க்காம தீர்ப்பு சொல்றது சரியில்ல. கோர்ட் நாலு மணிக்குத் திரும்பக் கூடும்." எழுந்தவர் பீவியைப் பார்த்தார். "நீயும் வா."

இருவரும் ஃபோர்சைத் தெருவில் நடந்தார்கள். அரங்கின் அரையிருட்டில் ஹாஸ்கெல் தொப்பியை மடியில் வைத்து நிமிர்ந்து உட்கார்ந்தார். இருபத்தைந்து நிமிடப் படம். தாடி வைத்த நீதிபதி முதல் வரிசையில் உட்கார்ந்து தாளம் போட்டபோது அரங்கமே அதிர்ந்தது. ஹாஸ்கெல் அசையவில்லை. பீவி கக்கத்தில் டாட்டை இடுக்கிக்கொண்டு நடந்தபோதும் அசையவில்லை. பீவி ஓரக்கண்ணால் பார்த்துப் பார்த்துக் கழுத்து வலித்ததுதான் மிச்சம். முப்பது நாளுக்கு லவீனியா தனியாகச் சமாளிப்பாளா என்று யோசிக்கத் தொடங்கினார்.

வெளியே வந்ததும் வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு ஹாஸ்கெல் கேட்டார்.

"அந்த நீதிபதி, அது நானா?"

"ஐயோ, இல்லங்க. நடிச்சவர் நியூயார்க்காரர். உங்களை அவர் பார்த்ததே கிடையாதுங்க."

"கிருதா என்னோடது மாதிரி இருக்கு."

"டைரக்டர் பார்த்திருப்பாருங்க. அந்தத் தீயணைப்பு வண்டிக் கேஸ் அன்னிக்கு."

ஹாஸ்கெல் தலையாட்டினார். கொஞ்ச தூரம் நடந்தார்கள். தேங்காய் மிட்டாய்க் கடை தாண்டியதும் மெதுவாகச் சொன்னார்.

"என் மனைவி எமிலி போனப்புறம் நான் ஒன்பது மணிக்கெல்லாம் படுத்துடுறேன் பீவி. எங்கயும் போறதில்ல. ஏழு வருஷமாச்சு. அந்த ஆளு முதல் வரிசையில உக்காந்து தாளம் போட்டானே, அதைப் பார்த்தப்போ..." அவர் நின்றார். "எனக்குச் சிரிப்பு வரல. பொறாமையா இருந்தது."

பத்தொன்பது வருடம் பத்தடி தூரத்தில் நின்ற மனிதரிடம் இப்படி ஒரு தனிமை இருந்தது தனக்குத் தெரியாதே என்று பீவிக்குத் தோன்றியது.

நாலு மணிக்குக் கோர்ட் கூடியது. "சாட்சியத்தை நேரில் பார்த்தோம்" என்றார் ஹாஸ்கெல். "அதைப் பார்த்த பிறகு டவாலி பெயர் கூப்பிடும்போது சிரிக்காமல் இருப்பது மனித சக்திக்கு உட்பட்டதல்ல என்று இந்தக் கோர்ட் கருதுகிறது. சிரித்த குற்றம் தள்ளுபடி. குடித்த குற்றத்துக்கு இன்றைக்கு உள்ளே இருந்ததே போதும்." ரூஃபஸ் தொப்பியைக் கையில் சுருட்டிக்கொண்டு ஓட்டமும் நடையுமாக வெளியேறினான். கதவருகே பீவியைத் தாண்டும்போது நிமிர்ந்து பார்த்து ஒரு தரம் தலையசைத்தான். அவ்வளவுதான். அதைப் பீவி நெடுநாள் மறக்கவில்லை.

ஆனால் அதோடு முடியவில்லை. ஊருக்கே தெரிந்துவிட்ட முகத்தை எங்கே கொண்டுபோய் மறைப்பது? பீவி வாயைத் திறந்தால் போதும், சாட்சிகள் சிரித்தார்கள், வக்கீல்கள் கோப்புக்குள் முகத்தைப் புதைத்தார்கள், கணவன் மேல் வழக்குப் போட வந்த ஒரு பெண் கணவனோடு சேர்ந்தே சிரித்துவிட்டு வழக்கை வாபஸ் வாங்கினாள். இரண்டு மாதம் பொறுத்துப் பார்த்துவிட்டுப் பீவியே நீதிபதியின் அறைக்குப் போய் நின்றார்.

"என்னை விட்டுடுங்க கோர்ட்டாரே. இங்க வர்றவங்க பயந்து வரணும். சிரிச்சுட்டு வரக் கூடாது."

"எனக்கு அப்படித் தோணல" என்றார் ஹாஸ்கெல். ஆனால் தடுக்கவில்லை. ரயில்வேயில் தனக்குத் தெரிந்த ஒருவருக்குக் கடிதம் எழுதிக் கொடுத்தார். கோடைக்குள் பீவி ரயில் நிலையத்தில் வண்டி அறிவிப்பவர் ஆனார். வால்டோஸ்டா, சவானா, சார்ல்ஸ்டன் என்று ஊர்ப் பெயர்களை அவர் முழங்கினால் தூங்குகிற பயணி மூட்டையோடு எழுந்து நிற்பான். சிரிக்கிறவர்களும் இருந்தார்கள். அதில் ஒன்றும் தப்பில்லை. சிரித்துக்கொண்டே வண்டியேறலாம்.

அடுத்த வருடம் ஊர் மனநிலை மாறிவிட்டது. படக்காரர்களை விரட்டுவேன் என்று பேசியவர்களுக்கு ஓட்டு விழுந்தது. கம்பெனிகள் ஒவ்வொன்றாக மூட்டை கட்டி மேற்கே போயின. ஒருநாள் காலை கிரான்ட்ஸும் டாட்டும் பெட்டிகளோடு நிலையத்துக்கு வந்தார்கள்.

"கலிஃபோர்னியாவுக்கு வந்துடுங்க பெரியவரே" என்றார் கிரான்ட்ஸ். "அங்க வருஷம் பூரா வெயில்."

"என் மூஞ்சியில ஒரே ஒரு வேஷம்தான் இருந்தது. அதை நீங்க எடுத்தாச்சு."

"கம்பீரம்னு பொய் சொல்லிட்டேனேன்னு எனக்கு மனசு உறுத்தல் உண்டு."

"இப்ப உறுத்தி என்ன பண்ண? வண்டி கிளம்பப் போகுது."

டாட் அவரைக் கட்டிக்கொண்டு இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டாள். நிலையத்தில் அத்தனை பேர் பார்க்க மெதடிஸ்டுக்காரர் அதைத் தடுக்கவில்லை. இரண்டு வருடம் கடிதம் போட்டாள். பிறகு நின்றுபோயிற்று. அந்தப் படம் அதன்பின் ஜாக்சன்வில்லுக்கு வரவே இல்லை. பிரதி ஏதும் மிஞ்சியிருக்கிறதா என்று ஒருவருக்கும் தெரியாது. அக்கரை மேடையைப் பிரித்து யாரோ கோழிக்கூண்டு கட்டிக்கொண்டார்கள். மஸ்லின் துணி என்ன ஆயிற்றோ.

ஹாஸ்கெல் மட்டும் படம் பார்ப்பதை விடவில்லை. சனிக்கிழமை சாயங்காலம் பீவி வீட்டு வாசலில் வந்து தொப்பியைக் கழற்றி நிற்பார். லவீனியா நடுவில் உட்காருவாள், இந்தப் பக்கம் புருஷன், அந்தப் பக்கம் நீதிபதி. படம் முடிந்து வந்து பெக்கன் கொட்டை போட்ட பணியாரம் சாப்பிட்டுக்கொண்டே, கதையில் வந்த திருடனுக்கு எத்தனை வருடம் கொடுத்திருக்கலாம் என்று இருவரும் சண்டை போடுவார்கள். லவீனியா எப்போதும் விடுதலைதான் கொடுப்பாள். பதினோரு வருடம் இப்படி ஓடியது.

ஒரு சனிக்கிழமை நீதிபதி விடைபெற்றுப் போனபின் தட்டுகளைக் கழுவிக்கொண்டே அவள் கேட்டாள்.

"கலிஃபோர்னியாவுக்குப் போயிருக்கலாமேன்னு எப்பவாவது தோணுமா மிஸ்டர் பீவி?"

பீவி தட்டைத் துடைத்தபடி யோசித்தார். வெயில் வடியும் வெள்ளைத் துணி, பொரித்த மீன் வாசனை, இரண்டடி எடுத்து வைத்த ஆட்டம், எல்லாம் ஒரு நிமிடம் கண்முன் வந்து போயின.

"தோணும்" என்றார். "ஆனா போயிருந்தா, சனிக்கிழமை அந்த மனுஷன் எந்த வீட்டு வாசல்ல போய் நிப்பாரு?"

லவீனியா கடைசித் தட்டையும் அவரிடம் நீட்டினாள். ஈரக் கையைத் துடைத்துவிட்டு, மிச்சமிருந்த பணியாரத்தை மறுநாள் நீதிபதிக்குக் கொடுத்தனுப்புவதற்காகத் துணியில் சுற்றி எடுத்து வைத்தாள்.